செல்வி யாரைப் பார்த்து அழுதாள்?

எய்யா,

நீ மதராஸிலிருந்து போட்ட கடிதம் வந்து சேர்ந்தது. உன் அம்மா அதைத் திரும்பத் திரும்ப வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, "புள்ள ஒழுங்காச் சாப்பிடுதானான்னு ஒரு வரி எழுதலியே" என்று வருத்தப்பட்டாள். எனக்கு வருத்தம் வரவில்லை, சந்தேகம்தான் வந்தது. உன் டைரக்டர் ஒரு வாத்தியாரைப் பற்றிப் படம் எடுக்கப் போகிறார், கதை யோசிக்கிற வேலையை உன்னிடம் தந்திருக்கிறார் என்று எழுதியிருந்தாய். நல்ல வாத்தியார் படம் எத்தனையோ வந்துவிட்டது, நம்முடையது தனியாகத் தெரிய என்ன செய்வது என்று எல்லோரும் மண்டையை உடைத்துக்கொள்கிறீர்களாம். நம்ம லேபர் கேம்ப் ஞானம் டீச்சர் கதையை நினைவில் இருக்கிறபடி எழுதி அனுப்பச் சொல்லியிருக்கிறாய். எழுதுகிறேன். எதற்காகக் கேட்கிறாய் என்று யோசித்துக்கொண்டேதான் எழுதுகிறேன். சரக்குக் கேட்டு வருகிறவனின் முகத்தைப் பார்த்துவிட்டுச் சரக்கை எடுப்பது என் பழக்கம். உன் முகம் இப்போது எனக்குத் தெரியாத தூரத்தில் இருக்கிறது. இந்தக் கடிதத்தை உன் டைரக்டரும் கூட்டாளிகளும் வாசிக்கட்டும். அவர்களுக்கும் சேர்த்துத்தான் எல்லாவற்றையும் முதலிலிருந்து சொல்கிறேன்.

என் சந்தேகம் ஊரறிந்த விஷயம். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து பம்பாய்க்கு வந்து, மாட்டுங்கா லேபர் கேம்ப்பில் பலசரக்குக் கடை போட்டு, அரிசியில் கல், சர்க்கரையில் ரவை, மிளகில் பப்பாளி விதை என்று பார்த்துப் பார்த்து என் கண்ணே அப்படி ஆகிவிட்டது. "ஒங்க அப்பாவுக்கு முன்னால சாமியே வந்து நின்னாலும், ரேஷன் கார்டு இருக்கான்னு கேப்பாவ" என்று உன் அம்மா உன்னிடம் சொல்லிச் சிரிப்பாள். அப்படிப்பட்டவனுடைய கடைக்கு எதிரேதான் கேம்ப்பின் தண்ணீர்க் குழாய் இருந்தது. சீனச் சண்டை முடிந்த மறு வருஷம், ஒரு நாள் விடிகாலையில், குழாயடி வரிசையில் குடங்களுக்கும் தகர டப்பாக்களுக்கும் நடுவே புதிதாக ஒரு பெண் நிற்பதைப் பார்த்தேன். வெள்ளைச் சேலை, தோளில் ஜோல்னாப் பை, காலில் செருப்பு. கையில் குடம் இல்லை. குடம் இல்லாமல் குழாயடிக்கு வருகிறவளைச் சந்தேகப்படாமல் எப்படி இருப்பது?

முனிசிபாலிட்டித் தமிழ்ப் பள்ளிக்குப் புதிதாக வந்த டீச்சர் என்று பிறகு தெரிந்தது. அந்தப் பள்ளிக்கு ஒரு தீராத நோய் இருந்தது. குழாயில் தண்ணீர் வருகிற நேரமும் பள்ளி மணி அடிக்கிற நேரமும் ஒன்று. அப்பன்மார் தோல் கம்பெனிக்கும் மில்லுக்கும் போய்விடுவார்கள். ஆத்தாமாருக்கு அடுப்பு வேலை. வரிசையில் இடம் பிடித்து நிற்பது பிள்ளைகளின் வேலை. முன்பிருந்த வாத்தியார்கள் வந்திருக்கிற நாலு பிள்ளைகளின் பேரை வாசித்துவிட்டுச் சும்மா இருந்துவிடுவார்கள். இந்த டீச்சர் செம்பூரில் குடியிருந்தார். அங்கிருந்து முதல் லோக்கல் ரயிலைப் பிடித்து, குர்லாவில் மாறி, சயானில் இறங்கி நடந்து, பிள்ளைகள் பள்ளிக்கு வராவிட்டால் பள்ளிக்கூடம் குழாயடிக்கு வரும் என்று வந்துவிட்டார். பையிலிருந்து சாக்கட்டியை எடுத்து ஒவ்வொரு தகர டப்பாவின்மேலும் ஒரு வார்த்தை எழுதுவார். வரிசையாக வாசித்தால் ஒரு வாக்கியம் வரும். முன்னால் நிற்கிறவன் தண்ணீர் பிடித்துக்கொண்டு போய்விட்டால் வாக்கியத்தின் தலை போய்விடும். "இப்ப என்ன அர்த்தம் வருது, சொல்லு" என்பார். நீ அப்போது ஏழாம் வகுப்பு. வீட்டில் நமக்கென்று தண்ணீர் டிரம் இருந்தும் அந்த வரிசையில் நிற்பதற்காக ஒரு டப்பாவைத் தூக்கிக்கொண்டு ஓடுவாய்.

அந்த அம்மாளை நீங்கள் தேவதையாக்கிவிடுவீர்களோ என்று பயமாக இருக்கிறது. தேவதை இல்லை. குரல் கீச்சென்று இருக்கும். கோபம் வந்தால் காதைத் திருகுவார், உன் காதையும் திருகியிருக்கிறார். பேச்சும் பெரிதாக வராது. அவர் நாலு வார்த்தை சேர்த்துப் பேசி நான் கேட்டதில்லை. கேம்ப்பிலும் யாரும் அவரை மாலை போட்டு வரவேற்கவில்லை. கிறிஸ்தவ வேதத்தில் சேர்க்க வந்திருக்கிறாள் என்றார்கள் சிலர். தேர்தல் வேலை என்றார்கள் சிலர். நான் நேராகவே கேட்டேன்.

"டீச்சர், நீங்க எந்தக் கட்சி?"

"ஏழாங் கிளாஸ், அண்ணாச்சி" என்றார், சாக்கட்டியைக் கீழே வைக்காமல்.

அந்தப் பதிலும் எனக்குத் திருப்தியாக இல்லை. ஆனால் மழைக்காலம் முடிவதற்குள் பள்ளியில் வராத பிள்ளை என்று யாரும் இல்லாமல் ஆனது. பேர் கூப்பிடுவதையே அவர் குழாயடிக்கு மாற்றிவிட்டார். பெண்களும் பழகிவிட்டார்கள். நம் கடைக்குப் பின்னால் குடியிருந்து இட்லி அவித்து விற்ற பேச்சியம்மாள் மட்டும் கடைசிவரை முறைத்துக்கொண்டு இருந்தாள். அவளுக்கு நேரத்துக்குத் தண்ணீர் வராவிட்டால் மாவு ஆட்ட முடியாது, மாவு ஆட்டாவிட்டால் மறுநாள் அடுப்பு எரியாது. அந்த மழையில்தான் அவள் தங்கை காய்ச்சலில் செத்துப்போனாள். தங்கை மகள் செல்வி, ஆறு வயதோ ஏழு வயதோ, பெரியம்மாவோடு வந்து சேர்ந்தாள். இடுப்பைவிடப் பெரிய டப்பாவைக் கட்டிப் பிடித்துக்கொண்டு வரிசையில் நிற்பாள். அவளுடைய டப்பாவில் டீச்சர் எப்போதும் சின்ன வார்த்தையாக எழுதுவார்.

இந்தக் குழாயடிப் பள்ளியைப் பற்றி ஏதோ ஒரு பத்திரிகையில் நாலு வரி வந்தது. அதைப் பார்த்துவிட்டு ஒரு நாள் பேண்ட் சட்டை போட்ட ஒருவர் கடைக்கு வந்தார். நடராஜன் என்று பேர், மாட்டுங்காவில் பிறந்து வளர்ந்த தமிழர், ஒரு இந்திப் படக் கம்பெனியில் மானேஜர். "இங்கே குழாயடியில பாடம் நடத்தற டீச்சர் யாருங்க?" என்று கேட்டார். அப்படி யாரும் இல்லை என்று சொல்லி அனுப்பப் பார்த்தேன். அதற்குள் நீ ஓடிப்போய் டீச்சரையே கூட்டிக்கொண்டு வந்து நிறுத்திவிட்டாய்.

அவர்கள் ஒரு வாத்தியார் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். குடிசைப் பகுதிப் பிள்ளைகளைத் திருத்துகிற வாத்தியார். குழாயடிப் பாடத்தைக் கதையில் சேர்த்துக்கொள்ள வேண்டும், கேம்ப்பிலேயே சில காட்சிகள் எடுக்க வேண்டும், முனிசிபாலிட்டியில் அனுமதி வாங்கியாகிவிட்டது, டீச்சரும் பிள்ளைகளும் ஒத்துழைத்தால் போதும் என்றார். பதிலுக்கு உங்களுக்கு என்ன வேண்டும் என்று கேட்டார். டீச்சர் தனக்கென்று ஒன்றும் கேட்கவில்லை.

"இங்க இன்னொரு குழாய் வேணும். ஒரே குழாய்ல இத்தனை வீடு."

"அவ்வளவுதானே? முதலாளிக்குப் பெரிய இடத்துல எல்லாம் பழக்கம். படம் முடிஞ்ச கையோட குழாய் வந்துரும்" என்றார் நடராஜன்.

அவர் போனபிறகு நான் சொன்னேன். "டீச்சர், எழுதி வாங்கிக்கிடுங்க."

"எதுக்கு அண்ணாச்சி? வாயால சொல்லிட்டுத்தானே போறாரு."

அந்த அம்மாளுக்குச் சந்தேகப்படத் தெரியாது. எனக்கு அது புத்திக்குறைவாகவே பட்டது. அப்படி ஒருவர் எப்படி பம்பாயில் உயிரோடு இருக்கிறார் என்று வீட்டில் வந்து உன் அம்மாவிடம் சொன்னேன். அவளோ, "குழாய் வந்தா நல்லதுதான, வாயை வச்சுட்டுச் சும்மா இருங்க" என்றாள்.

ஷூட்டிங்குக்கு லாரிகளும் விளக்குகளும் வந்து இறங்கியபோதுதான் டீச்சர் படத்தில் ஆம்பிளை வாத்தியாராகியிருப்பது தெரிந்தது. பெரிய நடிகர் ஒருவர் கண்ணாடி போட்டுக்கொண்டு, மூங்கில் குடையோடு வந்து இறங்கினார். "இந்தியில ஹீரோ இல்லாம படம் ஓடாது டீச்சர்" என்று நடராஜன் சங்கடத்தோடு சொன்னார். "பாடம் சரியா நடத்தினாப் போதும்" என்று டீச்சர் சொல்லிவிட்டார். பிள்ளைகளை அனுப்பச் சொன்னதும் கேம்ப்பே விழுந்தடித்துக்கொண்டு சீவிச் சிங்காரித்து அனுப்பியது. தீபாவளிச் சட்டை, எண்ணெய் வழிகிற தலை, முகத்தில் அப்பிய பவுடர். டைரக்டர் பார்த்துவிட்டுத் தலையில் கையை வைத்துக்கொண்டார். ஏழைப் பிள்ளைகள் எங்கே என்று கேட்டார். உதவியாள் ஒருவன் மண்ணை அள்ளி எல்லோருடைய சட்டையிலும் தேய்த்தான். பெற்றவர்கள் சுவரோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். கடன் வாங்கித் தைத்த சட்டையில் மண்ணைத் தேய்க்கிறான், ஒருத்தி வாயைத் திறக்கவில்லை. குழாய் வரப்போகிறதே! டீச்சர் முகம் சுருங்கியது. அவரும் ஒன்றும் சொல்லவில்லை.

உனக்கு இந்தி நன்றாக வரும் என்பதால் உனக்கு மட்டும் ஒரு வசனம் கொடுத்தார்கள். வாத்தியார் பள்ளியைவிட்டுப் போகிற காட்சியில் ஒரு பையன் முன்னால் வந்து "மாஸ்டர்ஜி, மத் ஜாயியே" என்று சொல்ல வேண்டும். மாஸ்டர்ஜி, போகாதீர்கள். அந்த மூன்று வார்த்தையை நீ வீட்டில் சோற்றுக்கு முன்னாலும் பின்னாலும் சொல்லிப் பார்த்தாய். உன் அம்மா வாத்தியாராக நடந்து காட்டினாள். நானும் கடையைப் பாதி சாத்திவிட்டு, பள்ளி முற்றத்தில் எடுத்த அந்தக் காட்சியைப் பார்க்க வந்து நின்றேன். ஆகவே இனிமேல் சொல்லப்போவது நான் கேள்விப்பட்டது இல்லை, கண்ணால் பார்த்தது.

அந்தக் காட்சிக்குப் பிள்ளைகள் அழ வேண்டும். ஒருவருக்கும் அழுகை வரவில்லை. பெரிய நடிகரைக் கிட்டத்தில் பார்க்கிற சந்தோஷத்தில் எல்லோரும் இளித்துக்கொண்டு நின்றார்கள். கண்ணில் கிளிசரின் விட்டார்கள், எரிச்சலில் கண்ணைக் கசக்கிவிட்டு மறுபடியும் சிரித்தார்கள். வெயில் சாய்ந்துகொண்டிருந்தது. டைரக்டர் நடராஜனைக் கூப்பிட்டு ஏதோ சொன்னார். நடராஜன் பெண்கள் பக்கம் வந்து, வீட்டில் சமீபத்தில் யாரையாவது பறிகொடுத்த பிள்ளை இருக்கிறதா என்று மெதுவாகக் கேட்டார். யாரோ செல்வியைக் காட்டினார்கள். அவளை முன்வரிசைக்குக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். டைரக்டர் குனிந்து அவளிடம் இந்தியில் சொன்னார். அவளுக்குப் புரியவில்லை. நடராஜனைத் தமிழில் சொல்லச் சொன்னார். நடராஜன் ஒரு நிமிஷம் தயங்கினார், அதை நான் பார்த்தேன். பிறகு சொன்னார்.

"அங்கே பாரும்மா... அந்தப் பெட்டிக்குப் பின்னால... உங்க அம்மா வந்து நிக்கறாங்க."

செல்வி கேமராவுக்குப் பின்னால் பார்த்தாள். சத்தம் போட்டு அழவில்லை. குதிகாலை உயர்த்தி, கழுத்தை நீட்டி, அங்கே நின்றிருந்த ஒவ்வொரு முகமாகத் தேடினாள். வாய் மட்டும் திறந்து மூடியது. கண்ணிலிருந்து தண்ணீர் தன்பாட்டுக்கு இறங்கிக்கொண்டே இருந்தது. கேமரா ஓடிக்கொண்டிருந்தது. டைரக்டர் யாரும் அசையக்கூடாது என்று கையைக் காட்டினார்.

பள்ளி வராந்தாவில் நின்றிருந்த டீச்சர் நேராக முற்றத்துக்குள் இறங்கி வந்து கேமராவுக்கும் செல்விக்கும் நடுவில் நின்றார். குழந்தையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டார். டைரக்டர் கத்தினார். டீச்சர் அவர் பக்கம் திரும்பவே இல்லை. நடராஜனைப் பார்த்துத்தான் பேசினார்.

"அவருக்குத் தமிழ் தெரியாது. உங்களுக்குத் தெரியும். அதனால உங்களைத்தான் கேக்கறேன். எப்படிச் சொன்னீங்க?"

நடராஜன் தலையைக் குனிந்துகொண்டார். டீச்சர் பிள்ளைகளைப் பார்த்து, "எல்லாரும் வாங்க, போகலாம்" என்றார். முனகிக்கொண்டும் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டும் பிள்ளைகள் அவர் பின்னால் போனார்கள். ஒருவன் போகவில்லை. அது நீ.

உனக்கு இன்னும் வசனம் சொல்ல வாய்க்கவில்லை. மண் தேய்த்த சட்டையோடு, நிறுத்தின இடத்தில் அப்படியே நின்றாய். நடிகர் என்ன செய்வது என்று தெரியாமல் குடையைக் கைமாற்றினார். டைரக்டர் உன்னைப் பார்த்துவிட்டுச் சட்டென்று கை தட்டி ஆட்களைக் கூப்பிட்டார். கேமராவை உன் பக்கம் திருப்பினார்கள். நீ அழகாகச் சொன்னாய், ஒரு எழுத்துப் பிசகாமல். "மாஸ்டர்ஜி, மத் ஜாயியே." அப்போது உன் டீச்சர் வாசலைக்கூடத் தாண்டியிருக்கவில்லை. அவருடைய முதுகு எனக்குத் தெரிந்தது. செல்வி அவர் தோளுக்கு மேலாக இன்னமும் அந்தப் பெட்டியின் பக்கமே பார்த்துக்கொண்டு போனாள்.

லாரிகள் அன்று மாலையே போய்விட்டன. குழாய் வரவில்லை. பேச்சியம்மாள் மறுநாள் விடிகாலையில் எல்லோர் முன்னாலும் டீச்சரைப் பிடித்துக்கொண்டாள்.

"ஒரு பிள்ள அழுததுக்காக ஊருத் தண்ணிய வெரட்டி விட்டுட்டியளே டீச்சர்! அவ அழாத பிள்ளையா? அவ ஆத்தா போன நாள்லேருந்து என் மடிய நனைச்சுட்டுத்தான் கெடக்கா. நான் தூக்கிட்டா போயிட்டேன்? மாவாட்டத் தண்ணி வேணுமேன்னுதான நின்னேன்!"

குழந்தையை வளர்க்கிறவள் கேட்கிறாள். அவள் கேட்டதில் நியாயம் இல்லை என்று இன்றுவரை என்னால் சொல்ல முடியவில்லை. அந்தக் குழாய் எப்படியும் வந்திருக்காது என்று நான் சொல்லிப் பார்த்தேன். "அண்ணாச்சிக்கு என்ன, வீட்டுல டிரம்மு இருக்கு" என்று வாயை அடைத்துவிட்டார்கள். அதன்பிறகு பேச்சு வேறு மாதிரி போயிற்று. தன் வேஷத்தை ஆம்பிளை போட்டுவிட்டான் என்று அவளுக்குப் பொறாமை, படம் கெட்டுப்போகட்டும் என்றுதான் அப்படிச் செய்தாள் என்றார்கள். டீச்சர் வழக்கம்போல வந்துகொண்டிருந்தார். அவர் சாக்கட்டியோடு வருவதைப் பார்த்ததும் பெண்கள் டப்பாவைச் சுவரோடு ஒட்டி வைத்துவிடுவார்கள், எழுத இடம் இல்லாமல். வருஷம் முடிவதற்குள் மான்குர்த் பள்ளிக்கு அவருக்கு மாற்றல் வந்தது. யார் சொல்லி வந்தது என்று எனக்கு ஒரு எண்ணம் உண்டு. அத்தாட்சி இல்லாததால் எழுதவில்லை.

படம் வெளியானபோது கேம்ப்பில் பாதிப்பேர் போய்ப் பார்த்தார்கள். நாமும் போனோம். நீ உன் வசனம் எப்போது வரும் என்று நாற்காலி நுனியில் இருந்தாய். பேச்சியம்மாள் செல்வியை மடியில் வைத்துக்கொண்டு நமக்கு முன்வரிசையில் இருந்தாள். அந்த இடம் வந்தது. வாத்தியார் குடையோடு போகிறார். நீ போகாதீர்கள் என்கிறாய். அடுத்தாற்போல் செல்வியின் முகம் திரை முழுக்க வந்தது. அந்தத் தேடல், அந்த நீட்டிய கழுத்து, தன்பாட்டுக்கு இறங்குகிற கண்ணீர். உடனே வாத்தியார் திரும்பிப் பார்க்கிறார், அவர் கண்ணும் கலங்குகிறது. கொட்டகை முழுக்க மூக்குறிஞ்சுகிற சத்தம். டப்பாவைச் சுவரோடு ஒட்டி வைத்த அத்தனை பெண்களும் முந்தானையால் முகத்தைத் துடைத்தார்கள். ஒரு நல்ல வாத்தியாரை ஊர் இப்படியா விரட்டும் என்று பேச்சியம்மாள் விக்கி விக்கி அழுதாள். நடிப்பு இல்லை, நிஜமாகவே அழுதாள். நானும் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். அப்போதுதான் செல்வி பெரியம்மாவின் முகத்தைத் திருப்பிக் கேட்டாள்.

"நான் அம்மாவத்தான பாத்தேன்? அந்த ஆளைப் பாத்தேன்னு காட்டுதாவளே?"

பேச்சியம்மாளின் அழுகை நின்றுபோயிற்று. செல்வியை இழுத்து மார்போடு அணைத்துக்கொண்டு, படம் முடிகிறவரை அவள் திரையைப் பார்க்கவே இல்லை. உனக்கு அது கேட்டிருக்காது. நீ உன் முகத்தைத் திரையில் பார்த்த மயக்கத்தில் இருந்தாய்.

எய்யா, நீ கேட்ட கேள்விக்கு என்னிடம் பதில் என்று ஏதாவது இருந்தால் அது இந்தக் கொட்டகையில்தான் இருக்கிறது. வாத்தியார் படங்களை நான் அதற்குப் பிறகும் பார்த்திருக்கிறேன். எல்லாவற்றிலும் வகுப்பு நிறைந்திருக்கும். ஒரு பிள்ளைகூடத் தண்ணீர் பிடிக்கப் போயிருக்காது. வாத்தியார் ஒரு பேச்சுப் பேசுவார், போக்கிரிப் பையன் மாறிவிடுவான். எதிர்க்கிற பெற்றோர் குடிகாரராகவோ மூடராகவோ இருப்பார்கள். பேச்சியம்மாளுக்கு மாவாட்டத் தண்ணீர் வேண்டும் என்று எந்தப் படத்திலும் எவரும் சொல்லக் கேட்டதில்லை. அவளைச் சந்தேகப்பட வைத்தது எது என்று காட்டுகிற படம் வந்தால் அது தனியாகத் தெரியும். கடைசியில் ஊர் அழுகிறதே, அந்த ஊர் அதற்கு முந்தின நாள் வரை எங்கே நின்றது என்று கேட்கிற படம் வந்தால் அதுவும் தெரியும். டீச்சரும் அன்று மண் தேய்த்தபோது பேசாமல்தான் நின்றார். அதையும் மறைக்காதே. கூப்பிட்டதும் எல்லாப் பிள்ளைகளும் பின்னால் போய்விட்டார்கள் என்றும் எடுக்காதே. ஒருவன் போகவில்லை என்பது உனக்கே தெரியும்.

அதனால்தான் உன்னையும் சந்தேகப்படுகிறேன். இந்தக் கதையை நீ எதற்கு எடுக்க நினைக்கிறாய்? அந்த அம்மாளுக்காகவா, அன்று நீ நின்ற இடத்தை அழித்து எழுதவா? நீ எழுதும் கதையில் அந்தப் பையன் டீச்சர் பின்னால் ஓடிப்போவானோ என்று எனக்குப் பயம். நீ அப்போது பன்னிரண்டு வயதுப் பிள்ளை, சினிமா ஆசை, அதில் தப்பு ஒன்றும் இல்லை. திரையில் மாற்றினால்தான் தப்பு.

உன் கடிதம் வந்த வாரத்து ஞாயிற்றுக்கிழமையே செம்பூருக்குப் போனேன். எத்தனையோ வருஷம் கழித்து அந்த அம்மாளைப் பார்க்கிறேன். தலை நரைத்துவிட்டது, குரல் அதே கீச்சுக் குரல். மான்குர்த்தில்தான் இன்னும் வேலை. நீ மதராஸில் படக் கம்பெனியில் இருக்கிறாய் என்றும், அவர் கதையைக் கேட்டிருக்கிறாய் என்றும் சொன்னேன்.

"அன்னிக்கு என்கூட வராம நின்னானே, அவன்தானே?"

எனக்கு முகம் சுருங்கிவிட்டது. இத்தனை காலம் மனதில் வைத்திருக்கிறாரே என்று நினைத்தேன். அதைக் கண்டுகொண்டு சிரித்தார்.

"கோபமெல்லாம் இல்லை அண்ணாச்சி. மறுநாள் பேர் கூப்பிட்டேன், 'உள்ளேன் டீச்சர்'னான். அவ்வளவுதான். வந்த பிள்ளைங்க பேரெல்லாம் மறந்துபோச்சு, நின்னவன் பேரு மறக்கலை. எல்லாத்தையும் விட்டுட்டு அப்படி நிக்கற அளவுக்கு அவனுக்கு அதுல என்ன தெரிஞ்சுதுன்னு பல நாள் யோசிச்சிருக்கேன்."

"அப்போ படம் எடுக்கட்டுமா டீச்சர்?"

"என்னை ஏன் கேக்கறீங்க? அன்னிக்கு யாரைக் கேக்காம எடுத்தாங்களோ அவளைக் கேளுங்க."

திரும்பி வந்து செல்வியைக் கேட்டேன். தாவணி போட்டுவிட்டாள். மாட்டுங்காவில் பள்ளிக்கூடம் போகிறாள், காலையில் பெரியம்மாவுக்கு இட்லி வியாபாரத்தில் கை கொடுக்கிறாள். கடைக்கு உளுந்து வாங்க வந்தவளிடம் விஷயத்தைச் சொன்னேன். முதலில் கேட்டுக்கொண்டே இருந்தாள். படத்தில் அவளை நல்லபடியாக, உண்மை எதுவோ அதன்படி காட்டச் சொல்கிறேன் என்றும் சொன்னேன்.

"வேண்டாம் மாமா" என்றாள்.

"பேரை மாத்திக்கிடலாம்ளா. நீன்னு யாருக்கும் தெரியாது."

"எனக்குத் தெரியும்லா?" என்று சொல்லிவிட்டு உளுந்தை வாங்கிக்கொண்டு போய்விட்டாள். வாசல்வரை போனவள் திரும்பி நின்று, "அண்ணனுக்குக் கேக்கணும்னா அண்ணனையே வந்து கேக்கச் சொல்லுங்க. அவுகட்டயும் வேண்டாம்னுதான் சொல்லுவேன்" என்றாள்.

நீ என்ன நினைப்பாய் என்று எனக்குத் தெரியும். குழாயைக் கிணறு ஆக்கலாம், செல்வியைப் பையன் ஆக்கலாம், லேபர் கேம்ப்பை மதராஸுக்குக் கொண்டுபோகலாம். டின்னில் லேபிளை மாற்றி ஒட்டுகிறவர்களை நான் நிறையப் பார்த்தவன். உன் டைரக்டர் இதை வாசித்துவிட்டு, "அருமையான கதை, அந்தக் குழந்தை காட்சி ஒன்று போதும்" என்று சொன்னால் அவரிடம் கவனமாக இரு. இதை எழுதி அனுப்பியதே தவறோ என்றும் நினைக்கிறேன். ஆனால் எழுதாமல் விட்டால் நீயாக ஒன்றை நினைத்து எழுதுவாய், அது இதைவிட மோசம்.

உன் அம்மாவுக்கு நீ சாப்பிடுகிறாயா என்று எழுது. படம் எடுப்பதோ விடுவதோ உன் இஷ்டம். எடுப்பதானால் முதலில் மதராஸ் மெயிலில் ஏறி இங்கே வா. பேச்சியம்மாள் வீட்டு வாசலில் நின்று, அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்த்து, உன் வாயால் தமிழில் கேள். அவள் வேண்டாம் என்று சொல்லுவாள். முழுக்கக் கேட்டுக்கொள்.